வலது முழங்காலுக்குக் கீழே ஒரு தழும்பு

செய்தி வந்தபோது காலை மணி பத்து நாற்பது. பதினொன்றுக்குத் தேர்வுக் குழு உட்கார வேண்டும். வருகைத் தாளில் மூன்று வரிகளுக்குக் கோடு போட்டுவிட்டு அவள் அடிக்கோலை எடுத்து வைத்த நேரம், மேஜைத் தொலைபேசி அடித்தது.

"இன்டர்வியூ ஆபீசுங்களா?" ஒரு பெண் குரல். அழுது ஓய்ந்த குரல்.

"ஆமா, சொல்லுங்க."

"எங்கண்ணனுக்கு இன்னைக்கு அங்க இன்டர்வியூ. அவரால வர முடியாதுங்க. காலைல நாலரை மணிக்கு ஆஸ்பத்திரியில தவறிட்டாரு."

"பதிவெண் சொல்லுங்க" என்றாள் இவள். பதினான்கு வருடப் பழக்கம். நாக்கு தானாகச் சொல்லிவிட்டது.

காகிதத்தைப் பிரிக்கும் சத்தம் கேட்டது. பிறகு அந்தப் பெண் ஒவ்வொரு எண்ணாக நிதானமாகப் படித்தாள். பதினொரு இலக்கம். நாலாவது இலக்கத்திலேயே ஆள் யாரென்று இவளுக்குத் தெரிந்துவிட்டது. ஆனாலும் போதும் என்று சொல்ல வாய் வரவில்லை. பதினொன்றையும் கேட்டுக்கொண்டிருந்தாள்.

"என்ன ஆச்சுங்க?"

"கால்ல புண்ணு. சீழ் பிடிச்சு ரத்தத்துல கலந்துடுச்சுன்னாங்க. நேத்து ஜுரத்துலகூட சொல்லிட்டே இருந்தாரு. நான் போக முடியலைன்னா பத்தரைக்குள்ள போன் பண்ணிடு, அவங்களுக்கு மூணு பேரு வேணும், நான் வரலைன்னா மத்த ரெண்டு பேர் பாடு திண்டாட்டமாயிடும்னு. இங்க இருக்கிற கலவரத்துல பத்து நிமிஷம் தாமதமாயிடுச்சுங்க. மன்னிச்சுக்கங்க."

எந்தக் கால் என்று அவள் கேட்கவில்லை.

இறந்தவருக்கு அந்த அலுவலகத்தில் மூணாமவர் என்று பெயர். பெயர் வைத்தவர் சூப்பிரண்டு. காரணம் ஒரு விதி. ஒரு பணியிடத்துக்கு மூன்று பேருக்குக் குறையாமல் நேரில் வந்திருந்தால்தான் தேர்வுக் குழு உட்காரலாம். இரண்டு பேர் வந்தால் ஒத்திவைப்பு. இரண்டு முறை ஒத்திவைத்தால் அந்தப் பணியிடமே ரத்து. பதிவறை உதவியாளர், சரக்கறை எழுத்தர் போன்ற சின்ன வேலைகள்தான் அங்கே நிரப்பப்பட்டன. பதிவு செய்து வைத்தவர்களில் பாதிப்பேர் வேறு வேலைக்குப் போயிருப்பார்கள், மீதியில் பாதி முகவரி மாறியிருப்பார்கள். எட்டுக் கடிதம் போட்டால் இரண்டு பேர் வருவார்கள்.

மூணாமவர் மட்டும் எப்போதும் வருவார். மழை பெய்தாலும் வருவார், பேருந்து ஓடாவிட்டாலும் வருவார். பத்து மணிக்கு வா என்றால் ஒன்பதே காலுக்கு நடைகூடத்தில் இருப்பார். அதனால் சூப்பிரண்டு ஒரு வழக்கம் ஏற்படுத்தி வைத்திருந்தார். எந்தப் பணியிடம் வந்தாலும், "முதல்ல மூணாமவருக்கு ஒரு லெட்டர் போட்டுடுங்கம்மா. அப்புறம் மத்த ரெண்டு பேரைத் தேடலாம்" என்பார். வீட்டுக்குக் கதவு வைப்பதற்கு முன்னால் நிலை வைக்கிற மாதிரி.

பதினெட்டு வருடம். ஐம்பத்திரண்டு நேர்காணல். இருபத்தாறு வயதில் முதல் முறை வந்தவருக்கு, அடுத்த மாதம் நாற்பத்தைந்து முடிந்து வயது வரம்பு தாண்டப் போகிறது. கோப்பைத் திறந்தால் ஐம்பத்திரண்டு மதிப்பெண் தாள்களிலும் ஒரே எண்தான் இருக்கும், முப்பத்தொன்று. முப்பது எடுத்தால் தகுதி. ஆகவே அவர் ஒருமுறைகூடத் தகுதி இழக்கவில்லை, ஒருமுறைகூடத் தேர்வாகவும் இல்லை.

அவள் வேலை அடையாளம் சரிபார்ப்பது. விண்ணப்பத்தில் ஒவ்வொருவரும் உடம்பிலுள்ள இரண்டு அடையாளங்களை எழுதியிருப்பார்கள். ஆள்மாறாட்டம் நடக்காமலிருக்க, உள்ளே போகும் முன் அந்த இரண்டையும் கண்ணால் பார்த்து, தாளில் இரண்டு குறி போட்டு, கையெழுத்திட வேண்டும். குறி இல்லாமல் யாரும் அந்தக் கதவைத் தாண்ட முடியாது. விண்ணப்பதாரர்கள் அவளை மச்சம் மேடம் என்றார்கள். வீட்டுக்காரர்கூடக் கிண்டல் செய்வார்: "கல்யாண வீட்டுல யாரையும் பேரு சொல்லி விசாரிக்க மாட்டேங்கிறே. கழுத்தப் பாத்துட்டு ஆள் சரின்னு விட்டுடறே."

அது முழுக்கக் கிண்டலும் இல்லை. பேருந்தில் எதிரே உட்கார்ந்தவர்களின் முகத்துக்கு முன்னால் அவளுக்குத் தெரிவது காதோரம், மணிக்கட்டு, தாடைக்கீழ்.

மூணாமவருடைய அடையாளங்கள்: கழுத்தின் இடப்பக்கம் ஒரு மச்சம், வலது முழங்காலுக்குக் கீழே ஒரு தழும்பு. இரண்டாம் வகுப்பில் உடைந்த பாட்டில் மேல் விழுந்ததில் வந்த தழும்பு. பள்ளிக்கூடத்தில் யாரோ ஒரு வாத்தியார் அதைப் பார்த்துப் பதிவேட்டில் எழுதினார். அங்கிருந்து அது சான்றிதழுக்குப் போய், சான்றிதழிலிருந்து விண்ணப்பத்துக்கு வந்து, அந்த மனிதர் வளர வளரக் காகிதத்திலும் கூடவே வந்துகொண்டிருந்தது.

அவர் மேஜைக்கு வரும் விதமே தனி. யாரும் சொல்வதற்கு முன்பே காலரை இடப்பக்கம் விலக்குவார். பிறகு குனிந்து வலது காலின் கால்சட்டையை மூன்று மடிப்பு மடித்து முழங்கால் வரை ஏற்றுவார். தையல்காரியான அவர் தங்கை, சுலபமாக ஏறவேண்டும் என்பதற்காக வலது காலை மட்டும் இரண்டு விரற்கடை அகலமாகத் தைத்துக் கொடுத்திருந்தாள். அவர் நடைகூடத்தில் நடந்து வரும்போது ஒரு கால் சாதாரணமாகவும் ஒரு கால் காற்றடைத்தது போலவும் வரும்.

"மத்தவங்களுக்கு இன்டர்வியூ டிரஸ்ஸுன்னா டையி. எனக்கு இதுதான் மேடம்" என்று ஒருமுறை சொன்னார். அவள் சிரித்தாள். சிரித்துக்கொண்டே குறி போட்டாள். தலையை நிமிர்த்தினாளா என்பது ஞாபகமில்லை.

மற்றபடி அவரைப் பற்றி அவளுக்குத் தெரிந்தது கோப்பு சொன்னதும் அவர் போகிற போக்கில் சொன்னதும்தான். திருமணம் ஆகவில்லை. வேலை கிடைத்ததும் பார்க்கலாம் என்று தள்ளிப்போட்டு, பிறகு பார்ப்பதற்கு ஆளில்லை. தங்கை வீட்டோடு இருக்கிறார். தங்கையின் கணவர் நடத்தும் சாவிக்கடையில் மாற்றுச் சாவி வெட்டுகிறார். 'தற்காலிகத் தொழில்' என்ற இடத்தில் பதினெட்டு வருடமாகச் 'சாவி' என்று எழுதியிருந்தார்.

ஒவ்வொரு அழைப்புக்கும் ஆறு மாதத்துக்குள் எடுத்த புதுப் புகைப்படம் ஒட்ட வேண்டும். ஒரு மதியம், வேலையில்லாத நேரத்தில், கோப்பின் ஓரத்தைக் கட்டைவிரலால் பிடித்து அவள் சர்ரென்று புரட்டிவிட்டாள். ஐம்பது முகங்கள் ஒன்றன்மேல் ஒன்றாக ஓடின. அதே சட்டை. முடி பின்னால் போயிற்று, கன்னம் உள்ளே போயிற்று. முதல் படத்தில் ஏதோ சொல்ல வருவது போல உதடு சற்றுத் திறந்திருந்தது. அது கொஞ்சம் கொஞ்சமாக மூடி, பதினைந்தாவது படத்துக்கு மேல் கோடாகிவிட்டது. கடைசிப் பத்துப் படங்களில் ஒன்றுக்கொன்று வித்தியாசமே இல்லை. அவள் இன்னொரு தரம் புரட்டிப் பார்க்கவில்லை. கோப்பைக் கட்டி அலமாரியில் வைத்துவிட்டுக் கை கழுவப் போனாள்.

மூன்று மாதத்துக்கு முன்னால் ஒரு சுற்றறிக்கை வந்தது. வேறெங்கோ ஆள்மாறாட்டம் பிடிபட்டிருந்தது. இனி அடையாளங்கள் ஐயத்துக்கு இடமின்றித் தெரிந்தாலன்றிக் குறி போடக்கூடாது, மீறினால் சரிபார்ப்பவரே பொறுப்பு.

அடுத்த வாரம் மூணாமவர் வந்தார். காலரை விலக்கினார், மச்சம் சரி. கால்சட்டையை மடித்தார். அவள் மேஜை விளக்கைத் திருப்பி முழங்காலுக்கு நேரே பிடித்தாள். தழும்பு இல்லை.

உண்மையில் அது பல வருடமாகவே இல்லை. தோல் மெல்ல மெல்ல அதைத் தின்றுவிட்டிருந்தது. எங்கே இருந்தது என்று தெரிந்ததால் இருப்பதாக எண்ணிக்கொண்டு அவள் இத்தனை நாளும் குறி போட்டிருந்தாள்.

"தெரியலையே சார்."

"இங்கதான் மேடம். நல்லாப் பாருங்க. லேசா வெளுப்பா இருக்கு." அவர் எச்சிலைத் தொட்டுத் தேய்த்துக் காட்டினார். "குளிர் நாள்ல தெரியும்."

"எனக்குத் தெரியுது சார், உங்களை எனக்குத் தெரியாதா? ஆனா குறி போட்டா என் தலைதான் உருளும்."

சூப்பிரண்டு ஒரு வழி சொன்னார். அன்றைக்கு மட்டும் 'தழும்பு தெளிவில்லை, நிபந்தனையுடன் அனுமதி' என்று எழுதி உள்ளே அனுப்பினார்கள். முப்பத்தொன்று வாங்கிக்கொண்டு வெளியே வந்தவர் நேரே போகாமல் அவள் மேஜைக்கு முன்னால் நின்றார்.

"அப்ப அடுத்த தடவை?"

"அடுத்த தடவை தெரியணும் சார். இல்லாட்டி அடையாளம் மாத்தறதுக்கு ஒரு ஃபார்ம் இருக்கு. உங்களுக்கு வேற ஏதாவது மச்சம் இருந்தா அதப் போட்டுக்கலாம். நானே டைப் பண்ணித் தபால்ல அனுப்பறேன். கையெழுத்துப் போட்டுத் திருப்பி அனுப்புங்க, போதும்."

"மறந்துடாதீங்க மேடம். எனக்கு இனி ஒரே ஒரு தடவைதான். அதுக்கப்புறம் வயசு தாண்டிடும்." பிறகு தன்னைத்தானே சமாதானப்படுத்திக்கொள்வது போலச் சொன்னார்: "ஆள் நான்தான். அது எனக்குத் தெரியும். ஆனா எனக்குத் தெரிஞ்சு என்ன புண்ணியம்."

ஒரு மாதம் கழித்துத் தொலைபேசியில் கேட்டார். "அனுப்பறேன் சார், வேலை கழுத்துக்கு மேல இருக்கு" என்றாள். அதுவும் பொய்யில்லை. அதற்கடுத்த மாதம், முன்பு ஒருமுறை ஒத்திவைத்த பணியிடம் ஒன்று திரும்ப வந்தது. முதல் கடிதம் வழக்கம்போல் மூணாமவருக்குப் போயிற்று. போட்டவள் அவளேதான்.

அந்தக் கடிதத்தில் குறித்த நாள்தான் இன்று. தொலைபேசியை வைத்துவிட்டு நிமிர்ந்தபோது பத்து நாற்பத்தேழு.

நடைகூடத்தில் ஒரே இரும்புக் கம்பியில் பொருத்திய மூன்று நாற்காலிகள். ஒருவர் எழுந்தால் கம்பி கிரீச்சென்று கத்தும், மற்ற இரண்டும் ஆடும். முதல் நாற்காலியில் ஈரத் தலையைப் படிய வாரிய ஓர் இளைஞன். இரண்டாவதில் சான்றிதழ்ப் பையை மடியில் இறுக்கிக்கொண்டு ஒரு பெண், நாற்பதைத் தாண்டியவள், புதுச் செருப்பு கடித்த குதிகாலில் துணி சுற்றியிருந்தாள். இருவருக்கும் குறி போட்டாகிவிட்டது. மூன்றாவது நாற்காலி காலி.

அந்தப் பெண் மேஜைக்கு வந்தாள். "மேடம், இன்னும் ஒருத்தர் வரலையே. மூணு பேர் இல்லாட்டி நடக்காதாமே?"

"பார்க்கலாம்."

"எனக்கு ஏற்கெனவே ஒரு தடவை இதே போஸ்ட்டுக்கு அப்படித்தான் ஆச்சு. இன்னைக்கும் ஒத்திப் போட்டா போஸ்ட்டே போயிடும். எனக்கு வயசு வரம்பு முடிய பதினோரு நாள்தான் இருக்கு." அழவில்லை, கணக்குச் சொல்வது போலச் சொன்னாள்.

அவள் எழுந்து சூப்பிரண்டு அறைக்குப் போனாள். அவர் தேர்வுக் குழுவுக்குப் போகவேண்டிய கோப்புகளை அடுக்கிக்கொண்டிருந்தார். மூன்று கோப்புகள்.

"சார், மூணாமவர் தவறிட்டாராம்."

அவர் கை ஒரு நொடி நின்றது. "அடப்பாவமே. எப்போ?"

"இன்னைக்குக் காலைல. தங்கச்சி போன் பண்ணாங்க."

"எழுத்து மூலமா வந்துச்சா?"

"போன்தான் சார்."

"அப்ப நமக்குத் தெரியாது." கோப்புகளின் ஓரத்தைத் தட்டிச் சமன் செய்தார். "எழுத்துல வராத சாவு ஆபீசுக்குச் சாவே இல்லம்மா. நான் கல்நெஞ்சுக்காரன்னு நினைக்காதீங்க. வெளிய ரெண்டு பேரு உட்காந்திருக்காங்க. நீங்க ரெண்டு குறி போட்டா ஒருத்தருக்காவது சோறு. போடலைன்னா மூணு பேருக்கும் இல்ல. செத்தவரையும் சேர்த்துத்தான் சொல்றேன்."

"உள்ள போய் உட்கார ஆள் வேணுமே சார்."

"இத்தனை வருஷத்துல அவரை அங்க யாராவது பார்த்திருக்காங்கன்னு நினைக்கிறீங்களா?"

அவள் மேஜைக்குத் திரும்பினாள். வருகைத் தாளின் மூன்றாவது வரி அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. இடது கழுத்தில் மச்சம்: கட்டம். வலது முழங்காலுக்குக் கீழே தழும்பு: கட்டம். நான் வரலைன்னா மத்த ரெண்டு பேர் பாடு திண்டாட்டமாயிடும். தங்கை சொன்னது காதில் இருந்தது. கால்ல புண்ணு என்பதும் காதில் இருந்தது. உயிரோடு வந்து, குனிந்து, விளக்குக்கு நேரே காலை நீட்டி நின்றவருக்குப் போட மறுத்த குறியை அவள் அப்போது போட்டாள். மச்சம், சரி. தழும்பு, சரி. கீழே கையெழுத்து. மணி பத்து ஐம்பத்தாறு.

பதினொன்றுக்கு முதல் மணி அடித்தது.

தேர்வுக் குழு அறைக்குக் கதவு திறப்பதற்கென்றே ஒருவர் உண்டு. கதவுக்காரர் என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். ஓய்வு பெற ஆறு மாதம் இருந்தது. மணி அடித்தால் எழுவார், கதவைத் திறப்பார், ஒரு ஆள் நுழையும் நேரம் பிடித்துக்கொண்டு நிற்பார், மூடுவார், முக்காலியில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொள்வார். திரும்ப மணி அடித்தால் உள்ளே இருப்பவர் வெளியே வர மறுபடி திறப்பார். ஆளுக்கு ஆறு நிமிடம்.

இளைஞன் போனான், வந்தான். பெண் போனாள், வந்தாள், வந்த வேகத்தில் கழிப்பறைப் பக்கம் போனாள். இளைஞன் ஜன்னலோரம் நின்று தண்ணீர் குடித்தான். நாற்காலிகள் மூன்றும் காலி.

மூன்றாவது மணி அடித்தது. கதவுக்காரர் எழுந்தார்.

இப்போது சொல்லிவிட வேண்டும் என்று அவள் வாயைத் திறந்தாள். அப்போது நடைகூடத்தில் கம்பி கிரீச்சென்றது. யாரோ எழுந்தால் கத்துவது போலத்தான் கத்தியது. அவள் திரும்பிப் பார்த்தாள். மூன்றாவது நாற்காலி லேசாக ஆடி நின்றுகொண்டிருந்தது. இளைஞன் போகும் வழியில் இடித்திருப்பான். இடித்திருக்க வேண்டும். ஆனால் அவன் ஜன்னலருகே தண்ணீர்க் குவளையோடு நின்றுகொண்டிருந்தான்.

கதவுக்காரர் கதவைத் திறந்தார். ஒரு ஆள் நுழையும் நேரம் பிடித்துக்கொண்டு நின்றார். மூடினார்.

கதவில் மேல் பாதி மங்கல் கண்ணாடி. உள்ளே மூன்று தலைகள் குனிந்திருப்பது தெரிந்தது. தலைவருடைய குரல் கேட்டது: "உட்காருங்க." பிறகு காகிதம் புரளும் சத்தம். யாரோ இருமினார்கள். "ம்... சாவி" என்றது இன்னொரு குரல், கோப்பைப் படிக்கும் குரல். குழுவின் இன்னோர் உறுப்பினர் ஏதோ கேட்டார், கேள்வி போல ஒரு ஏற்றம் மட்டும் காதில் விழுந்தது. அதற்குப் பின் மௌனம். அந்த மௌனத்தில் ஒருவர் எழுதிக்கொண்டிருந்தார். அவள் கண் சுவர்க் கடிகாரத்தின் மேலேயே இருந்தது. ஆறு நிமிடம் ஆயிற்று.

"சரி, நீங்க போகலாம்."

மணி அடித்தது. கதவுக்காரர் திறந்தார், நின்றார், மூடினார்.

பன்னிரண்டு மணிக்கு மதிப்பெண் தாள் வெளியே வந்தது. இளைஞனுக்கு முப்பத்தெட்டு. பெண்ணுக்கு நாற்பத்திரண்டு. மூன்றாவது வரியில் முப்பத்தொன்று.

அவள் அந்தத் தாளைக் கையில் வைத்துக்கொண்டு நின்றபோது கதவுக்காரர் தம் சாப்பாட்டுப் பையை எடுத்துக்கொண்டு வந்தார்.

"ஏம்மா, மூணாமவருக்கு ஒடம்பு சரியில்லையா? எப்பவும் 'வரேண்ணே'ன்னு ஒரு வார்த்தை சொல்லிட்டுப் போவாரு. இன்னைக்கு ஒண்ணுமே பேசாமப் போயிட்டாரே."

ஞாயிற்றுக்கிழமை அவள் முகவரியைத் தேடிக்கொண்டு போனாள். கோப்பில் ஐம்பத்து மூன்று முறை எழுதிய முகவரி. ஓர் ஆள் மட்டும் நிற்கக்கூடிய கடை, பின்னால் இரண்டு அறை வீடு. கடைக்குள் கம்பி கம்பியாக வெட்டாத சாவிகள் தொங்கின. காற்றுக்கு ஒன்றோடொன்று உரசிக்கொண்டே இருந்தன. தங்கையின் கணவர் ஒரு பூட்டைப் பிரித்து வைத்துக்கொண்டு ஒன்றும் செய்யாமல் உட்கார்ந்திருந்தார்.

தங்கை அவளைப் பார்த்ததுமே, "மச்சம் மேடம்தானே?" என்றாள். "உட்காருங்க. அண்ணன் உங்களைப் பத்திச் சொல்லும். அந்த ஆபீஸ்லயே ஒருத்தங்கதான் என்னைப் பாக்கிறவங்கன்னு."

அவள் உட்கார்ந்தாள். அவர் முகத்தை நினைவுக்குக் கொண்டுவர முயன்றாள். மச்சம் வந்தது. மடித்த கால்சட்டை வந்தது. விளக்கொளியில் ஒரு முழங்கால் வந்தது. அதற்கு மேல் வரவில்லை. எதிர்ச் சுவரில் அவர் படம் ஏதாவது இருக்கிறதா என்று பார்த்தாள். இல்லை. இருந்த படமெல்லாம் ஆபீசுக்குத்தான் போயிற்று என்றாள் தங்கை.

"புண்ணு எப்படி வந்துச்சு?" என்று இப்போதாவது கேட்டாள்.

தங்கை கணவரைப் பார்த்தாள். அவர் பூட்டைக் கீழே வைத்தார்.

"சாவி தேய்க்கிற சின்ன அரம் இருக்குல்ல மேடம், அதை வச்சு. அந்தப் பழைய தழும்பு எடத்துல தினம் ராவுனாரு. கடையில ஆள் இல்லாத நேரமாப் பார்த்து. நான்கூட வெளையாட்டாச் சொன்னேன்: 'மச்சான், ரெண்டு இழுப்பு கூடிப் போச்சுன்னா பூட்டு திறக்காது, பாத்து.' அதுக்கு அவரு, 'ஒரிஜினலுக்கு ஒத்து வரணும்ல மாப்ளே'ன்னு சிரிச்சாரு. இரும்புத்தூளும் எண்ணெய்ப் பிசுக்கும் இருக்கிற அரம். கழுவணும்னு அவருக்குத் தோணலை, எனக்கும் தோணலை." அவர் குரல் அங்கே நின்றது. "நாலே நாள்ல கால் தூண் மாதிரி வீங்கிடுச்சு."

"டாக்டர் எப்படி அடிபட்டுச்சுன்னு கேட்டாரு" என்றாள் தங்கை. "'அடி இல்லை டாக்டர், பழைய காயம்தான், திரும்ப எடுத்தேன்'னாரு. ஜுரத்துல உளர்றாருன்னு நினைச்சுக்கிட்டாங்க. கட்டுப் போட வந்த நர்ஸ்கிட்ட, 'மூடிடாதீங்கம்மா, வியாழக்கிழமை காட்டணும்'னு சொன்னாரு."

கொடியில் ஒரு கால்சட்டை தொங்கியது. இஸ்திரி போட்டது. வலது கால் அகலம்.

"அந்த ஃபார்ம் வரும், வரும்னு பார்த்தாரு" என்றாள் தங்கை. குற்றம் சொல்லும் தொனி இல்லை. நடந்ததை வரிசையாகச் சொன்னாள். "தபால்காரர் சைக்கிள் சத்தம் கேட்டா அரத்தையும் சாவியையும் போட்டுட்டு வாசலுக்கு வருவாரு. கடைசில லெட்டர் வந்துச்சு. பிரிச்சாரு, பார்த்தா இன்டர்வியூ லெட்டர். சரி, ஃபார்ம் இல்லாட்டி என்ன, தழும்பையே கொண்டு போயிடறேன்னாரு. தபால்ல எங்கயாவது தொலைஞ்சிருக்குமா மேடம்?"

"தேடிப் பார்க்கிறேன்" என்றாள் அவள்.

கிளம்பும்போது தங்கை வாசல்வரை வந்தாள்.

"அன்னைக்கு மூணு பேரு கெடச்சாங்களா?"

"கெடச்சாங்க."

"அப்பாடி" என்றாள் தங்கை. "அதே நினைப்பா இருந்துச்சு அண்ணனுக்கு."

செருப்பு கடித்த பெண்ணுக்கு வேலை கிடைத்தது. ஆணையை வாங்க வந்தவள் நேராக மேஜைக்கு வந்து, "அந்த மூணாவது ஆள் யாருன்னே தெரியல மேடம். எப்ப வந்தாரு, எப்பப் போனாருன்னு தெரியல. பார்த்தா ஒரு நன்றி சொல்லணும்" என்றாள். இவள் சொல்கிறேன் என்றாள்.

அந்த மாதக் கடைசியில் வயது வரம்பை இரண்டு வருடம் தளர்த்தி ஆணை வந்தது. சூப்பிரண்டு அதைச் சத்தமாகப் படித்தார். படித்து முடித்து, கண்ணாடியைக் கழற்றித் துடைத்து, அவளைப் பார்க்காமல் சொன்னார்.

"சரக்கறையில ஒரு போஸ்ட் வந்திருக்கும்மா. எழுத்து மூலமா இதுவரைக்கும் ஒண்ணும் வரலை பாருங்க."

 மூணாமவர் கோப்பு அலமாரியில் அதே இடத்தில் இருக்கிறது. நடைகூடத்தில் மூன்றாவது நாற்காலியில் ஏனோ யாரும் உட்காருவதில்லை. கதவுக்காரர் மட்டும் காலையில் துணியால் தட்டும்போது அதற்குக் கூடுதலாக ஒரு தட்டுத் தட்டிவிட்டுப் போகிறார். வீட்டுக்காரர் இப்போது கிண்டல் செய்வதில்லை. பேருந்தில் அவள் எதிரே இருப்பவர்களின் முகத்தை உற்றுப் பார்க்கப் பழகிக்கொண்டிருக்கிறாள், அவர்கள் சங்கடப்பட்டுத் திரும்பிக்கொள்கிறார்கள்.

மேஜையின் இரண்டாவது இழுப்பறையில், அடிக்கோலுக்குக் கீழே, அந்தப் படிவம் இருக்கிறது. பெயர் தட்டச்சாகியிருக்கிறது. பதிவெண் பதினொரு இலக்கமும் சரியாக இருக்கிறது. பழைய அடையாளம் என்பதற்கு எதிரே 'வலது முழங்காலுக்குக் கீழே' வரை தட்டச்சாகி அதோடு நின்றிருக்கிறது.